பாறைக்குழியில் ஷீட் விரித்துக் குப்பை கொட்டப் போகிறார்களாம், கிணற்றுக்கு ஒன்றும் ஆகாதா?

கிழக்குத்தோட்டம் எழுதியது:

வணக்கம். கொழிஞ்சாம்பாறைக்கும் வேலந்தாவளத்துக்கும் இடையில் எங்கள் தோட்டம். பாலக்காட்டுச் சித்தூர் தாலுகா, ஆந்திரச் சித்தூர் இல்லை. தென்னையும் கொஞ்சம் காய்கறியும் போட்டிருக்கிறோம். ஒரு கிணறு, ஒரு போர், குடிப்பதும் பாய்ச்சுவதும் அந்தத் தண்ணீரில்தான்.

தோட்டத்துக்கு மேற்கே 250 மீட்டரில் ஒரு பழைய பாறைக்குழி இருக்கிறது. கல் எடுத்து முடித்துப் பதினைந்து வருஷம் ஆகிறது. விளிம்பிலிருந்து நாற்பது அடி ஆழம், கோடையிலும் தண்ணீர் வற்றாது. அதை ஒருவர் வாங்கி, நாலைந்து பஞ்சாயத்துகளில் இருந்து வரும் மிச்சக் குப்பையைப் போட்டு மூடும் திட்டம் கொண்டுவந்திருக்கிறார். மறுசுழற்சிக்குப் போகாததை மட்டும்தான் போடுவார்களாம்.

கிராமசபைக்கு அவர் தரப்பில் ஒரு இன்ஜினியர் வந்தார். கறுப்பு ஷீட் ஒரு சாண் துண்டு வெட்டிக்கொண்டு வந்து எல்லோர் கையிலும் கொடுத்தார். சைக்கிள் டியூபை விடத் தடிமன், வளைத்தால் திமிறுகிறது. ஆணி கொடுத்துக் குத்திப் பார்க்கச் சொன்னார். குத்தினோம், இறங்கவில்லை, வெள்ளையாக ஒரு புள்ளிதான் விழுந்தது. "இதை அடியில் விரித்துவிட்டால் ஒரு சொட்டு கீழே போகாது" என்றார். கூட்டத்தில் பாதிப் பேர் சமாதானம் ஆகிவிட்டார்கள். எனக்கு மனசு ஒப்பவில்லை, ஆனால் என்ன கேள்வி கேட்பது என்றும் தெரியவில்லை. விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

லைனர்வேலை எழுதியது:

அண்ணா, நான் பதினோரு வருஷம் இந்த ஷீட் விரிக்கிற வேலையில் இருந்தவன். ஊர் பொள்ளாச்சி, வேலை பார்த்தது பல மாநிலத்தில். உங்களுக்குக் காட்டியது எச்டிபிஇ ஜியோமெம்பிரேன், அதாவது தண்ணீர் புகாத கெட்டிப் பிளாஸ்டிக் ஷீட், ஒன்றரை மில்லிமீட்டர். நல்ல சாமான்தான். ஆனால் ஆணி குத்திக் காட்டியதில் உங்களுக்குத் தெரிய வேண்டிய எதுவும் தெரியாது.

ரோல் ஏழு மீட்டர் அகலம்தான் வரும். ஒரு ஹெக்டேர் இடத்துக்கு விரித்தால் ஏறக்குறைய 1,400 மீட்டர் நீளத்துக்கு ஜாயின்ட் விழும். கசிவதெல்லாம் பெரும்பாலும் அந்த ஜாயின்டிலும், குழாய் நுழைகிற இடத்திலும், மேலே ஜல்லி கொட்டும்போது டிப்பரோ டோசரோ கிழித்த இடத்திலும்தான். நேர் ஜாயின்டை வெட்ஜ் வெல்டிங் செய்வோம், சூடான ஆப்பை நடுவில் ஓட்டி உருக்கி ஒட்டுவது. இரண்டு வரியாக ஒட்டும், நடுவில் ஒரு சன்னமான குழல் விட்டுப் போகும். இரண்டு முனையையும் அடைத்து அந்தக் குழலில் காற்று ஏற்றி ஐந்து நிமிஷம் கேஜைப் பார்ப்போம், முள் இறங்கினால் எங்கோ ஓட்டை. மூலையிலும் ஒட்டுப் போட்ட இடத்திலும் அப்படிச் செய்ய முடியாது. அங்கே சோப்புத் தண்ணீர் தடவி, கண்ணாடிப் பெட்டியைக் கவிழ்த்துக் காற்றை உறிஞ்சிப் பார்ப்போம், நுரை வந்தால் திரும்ப வெல்டிங். 150 மீட்டருக்கு ஒரு இடத்தில் ஜாயின்டையே வெட்டி எடுத்து மெஷினில் இழுத்துப் பார்க்க வேண்டும். இத்தனைக்கும் ரிஜிஸ்டர் உண்டு, ஒவ்வொரு ஜாயின்டுக்கும் நம்பர், தேதி, வெல்டர் பெயர். அதைப் பொதுமக்கள் பார்க்கத் தருவீர்களா என்பதுதான் உங்கள் முதல் கேள்வியாக இருக்க வேண்டும்.

ஒரு சைட்டில் நடந்ததைச் சொல்கிறேன், எந்த ஊர் என்று சொல்ல மாட்டேன். மே மாசம், மதியம் இரண்டு மணி. கறுப்பு ஷீட் அந்த வெயிலில் கை வைக்க முடியாத சூட்டுக்குப் போகும். 30 டிகிரி ஏறினால் 50 மீட்டர் ஷீட் ஒரு அடி நீளும். நீண்டது எங்கே போகும், அலை அலையாக மடிந்து எழும்பி நிற்கும். அன்றைக்கு முழங்கால் உயரத்துக்கு மடிப்பு. விடியற்காலை வரை பொறுத்தால் தானே தரையில் படிந்துவிடும், அப்போதுதான் மேல்மண் போட வேண்டும். மேஸ்திரிக்குக் கெடு, லாரிக்கு வாடகை ஓடுகிறது, அப்படியே ஜல்லியைக் கொட்டச் சொன்னார்கள். மடிப்பு மடிப்பாகவே உள்ளே போய்விட்டது. எழுதிக் கொடுத்தேன், ஒருவரும் படிக்கவில்லை. இன்றைக்கும் அந்த ஊர் வழியாக பஸ்ஸில் போனால் அந்தப் பக்கம் பார்க்க மனசு வராது.

கள்ளியம்பாறை எழுதியது:

நான் அந்தத் திட்டத்துக்கு ஆதரவாகக் கை தூக்கியவன், அதையும் இங்கே சொல்ல வேண்டும். என் மாமியார் ஹரித கர்ம சேனாவில் இருக்கிறார், பஞ்சாயத்துக்காக வீடுகளில் மக்காத குப்பை சேகரிக்கும் பெண்கள் குழு அது. வீடு வீடாக ஏறி 50 ரூபாய் வாங்குவதற்குள் ஆயிரம் பேச்சு கேட்கிறார். பிளாஸ்டிக்கைப் பிரித்து அனுப்பலாம், பாட்டிலை அனுப்பலாம். டயப்பர், அறுந்த செருப்பு, ரெக்சின், மண்ணோடு கலந்த கவர், இதையெல்லாம் எவனும் எடுக்க மாட்டான். சேகரித்ததைச் சேர்த்து வைக்கிற எம்சிஎஃப் கொட்டகை கூரை வரை அடைந்து கிடக்கிறது. தீப்பிடித்தால் என்ன ஆகும் என்று 2023 மார்ச்சில் பிரம்மபுரம் குப்பைக் கிடங்கில் பார்த்தோம், கொச்சி முழுக்கப் பத்து நாளுக்கு மேல் புகை. அல்லது ராத்திரியில் லாரி ஏற்றி எல்லை தாண்டிக் கொட்டுவார்கள். 2024 டிசம்பரில் திருநெல்வேலிப் பக்கம் கொட்டிய ஆஸ்பத்திரிக் கழிவைப் பசுமைத் தீர்ப்பாயம் சொல்லிக் கேரளம் லாரி அனுப்பித் திருப்பி அள்ளியது நினைவு இருக்கும். இரண்டு பக்கமும் நம் சொந்தக்காரர்கள்தான். விதிப்படி, ஷீட் போட்டு, ஒரு இடத்தில் பத்திரமாக மூடி வைப்பது அதைவிடத் தேவலையா இல்லையா? வேண்டாம் என்று மட்டும் சொன்னால் எப்படி?

கரிசல்மண் எழுதியது:

ஷீட்டை விடுங்கள், களிமண் போதும் என்பது என் எண்ணம். நம் கிழக்குச் சித்தூரில் கரிசல் இருக்கிறது, கேரளத்தில் வேறு எங்கும் இப்படிப் பார்க்க முடியாது. குளம் வெட்டினால் வருஷக்கணக்கில் தண்ணீர் நிற்கிறது. பிளாஸ்டிக் ஒருநாள் மக்கும், கிழியும். மண் என்ன ஆகப் போகிறது?

லைனர்வேலை எழுதியது:

கரிசல்மண் சார், உங்கள் கரிசல் சித்திரையில் எப்படி இருக்கும்? கை நுழைகிற அளவு வெடிப்பு விழும். அதே வெடிப்பு அடித்தளத்திலும் விழும். இறுக்கி முடித்த களிமண்ணை இரண்டு நாள் வெயிலில் திறந்து போட்டாலே மயிரிழை மயிரிழையாகப் பிளக்கத் தொடங்கும், நனைத்த சாக்கு போட்டுக் காக்க வேண்டும். கரிசலைப் பயன்படுத்தலாம், வேண்டாம் என்று சொல்லவில்லை. 15 முதல் 20 செ.மீ. அடுக்காகப் போட்டு, உருட்டிப் பிடித்தால் உருண்டை உடையாத ஈரத்தில், முட்டு முட்டாகக் கால் வைத்த ஷீப்ஃபுட் ரோலர் விட்டு மிதிக்க வேண்டும். கட்டி கட்டியாகக் கொட்டி மேலே ஜேசிபி ஓட்டினால் அது களிமண் தளம் ஆகாது.

கணக்குப் போட்டுக் காட்டுகிறேன், பொறுமையாகப் படியுங்கள். 2016 திடக்கழிவு விதியில் சொல்லியிருப்பது 90 செ.மீ. களிமண், அதன் மேல் ஒன்றரை மி.மீ. ஷீட், இரண்டும் சேர்ந்து. களிமண்ணின் ஊடுருவும் தன்மை வினாடிக்கு ஒரு சென்டிமீட்டரில் கோடியில் ஒரு பங்குக்கு மேல் போகக் கூடாது. கேட்டால் ஒன்றுமே இல்லாத மாதிரி இருக்கிறது. ஆனால் களிமண் மட்டும் போட்டு, மேலே ஒரு அடி குப்பைத் தண்ணீர் நின்றால், ஒரு ஹெக்டேருக்கு நாளைக்கு 1,100 லிட்டருக்கு மேல் கீழே இறங்கும். பத்து வருஷத்துக்குள் 90 செ.மீட்டரையும் தாண்டி அடியில் எட்டிப் பார்த்துவிடும்.

இப்போது ஷீட் மட்டும், அடியில் களிமண் இல்லை, மணலோ உடைந்த பாறையோதான் என்று வையுங்கள். அதில் சுண்டுவிரல் நகம் அளவு, ஒரு சதுர சென்டிமீட்டர், ஒரே ஒரு ஓட்டை. அதே ஒரு அடி தண்ணீர். அந்த ஒற்றை ஓட்டை வழியாக நாளைக்குச் சுமார் 12,500 லிட்டர் போகும்.

அதே ஓட்டை, அதே தண்ணீர், ஷீட்டுக்கு அடியில் மேலே சொன்ன களிமண், ஷீட் அதன் மேல் மடிப்பில்லாமல் ஒட்டிப் படுத்திருக்கிறது. ஜிரூ என்கிற பிரெஞ்சுக்கார இன்ஜினியரின் சூத்திரத்தில் போட்டால் நாளைக்கு அரை லிட்டர். சரியாக ஒட்டாமல் அங்கங்கே காற்று இருந்தால் மூன்று லிட்டர். மடிப்புக்கு நேராக ஓட்டை விழுந்தால் இந்தக் கணக்கே செல்லாது, தண்ணீர் மடிப்புக்குள் வாய்க்கால் மாதிரி ஓடி அதன் நீளம் முழுக்க இறங்கும். அன்றைக்கு அந்த மேஸ்திரியோடு நான் சண்டை போட்டது இதற்குத்தான்.

ஆகவே அண்ணா, இரண்டாவது கேள்வி: களிமண் எங்கிருந்து வருகிறது, எத்தனை அடுக்கு, ஒவ்வொரு அடுக்குக்கும் டெஸ்ட் யார் எடுப்பார்கள்? இன்ஜினியர் களிமண்ணைப் பற்றிப் பேசினாரா?

கிழக்குத்தோட்டம் எழுதியது:

ஒரு வார்த்தை பேசவில்லை. "அடியில் பாறைதானே, அதைவிட உறுதியாக என்ன வேண்டும்" என்றுதான் சொன்னார்.

பாலாற்றங்கரை எழுதியது:

நடுவில் வருவதற்கு மன்னிக்கவும், நான் ராணிப்பேட்டை, உங்களுக்குச் சம்பந்தமில்லாத மூலை, ஆந்திரச் சித்தூர்தான் எங்களுக்குப் பக்கம். பாறை உறுதி என்று யாராவது சொன்னால் எங்கள் ஊருக்குக் கூட்டி வாருங்கள். இங்கே இரண்டு லட்சம் டன்னுக்கும் மேல் குரோமியக் கழிவு எத்தனையோ வருஷமாக அடியில் எந்தத் தடுப்பும் இல்லாமல் மண்மேல் குவிந்து கிடக்கிறது. அடியில் இருப்பதும் பாறைதான். கழிவு மழையில் கரைந்து பாறை வெடிப்பு வழியாகத்தான் போகிறது, கிணற்றில் தண்ணீர் மஞ்சளாக வந்ததைப் பார்த்து வளர்ந்தவன் நான். குடிநீரில் குரோமியம் லிட்டருக்கு 0.05 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக் கூடாது என்பது அளவு. 2006ல் உலகத்திலேயே மோசமாக மாசுபட்ட பத்து இடங்கள் என்று ஒரு பட்டியல் வந்தபோது அதில் எங்கள் ஊர் பெயர் இருந்தது.

கழிவு நிலத்தடி நீரில் கலந்த பிறகு தடுப்பது எவ்வளவு பாடு என்று தேடிப் பார்த்திருக்கிறேன். அமெரிக்காவில் எலிசபெத் சிட்டி என்ற இடத்தில் 1996ல் இதே குரோமியத்துக்கு மண்ணுக்குள் 46 மீட்டர் நீளம், ஏழு மீட்டருக்கு மேல் ஆழம், இரண்டடி அகலத்தில் பள்ளம் எடுத்து இரும்புத்தூள் நிரப்பினார்கள். நிலத்தடி நீர் அதன் ஊடே போகும்போது இரும்பு குரோமியத்தைக் கரையாத வகைக்கு மாற்றிவிடுகிறது. நன்றாகவே வேலை செய்தது. ஆனால் அது மணல் பூமி, தண்ணீர் எந்தப் பக்கம் போகிறது என்று தெரியும், குறுக்கே சுவர் எழுப்பலாம். வெடிப்புப் பாறையில் எந்த வெடிப்புக்குக் குறுக்கே எழுப்புவீர்கள்? குப்பை விழுவதற்கு முன்னால் விழித்துக்கொண்டீர்கள், அதுவே உங்கள் அதிர்ஷ்டம்.

மீனாட்சிபுரத்துக்காரி எழுதியது:

பிளாச்சிமடை எங்கள் பக்கத்து ஊர். 2000ல் கோகோ கோலா ஆலை வந்தது, 2004ல் மூடியது. தண்ணீர் எடுத்ததைத்தான் எல்லோரும் பேசுகிறார்கள். அங்கிருந்து வந்த கழிவுச் சேற்றை உரம் என்று சொல்லித் தோட்டங்களில் கொட்டியதை நாங்கள் மறக்கவில்லை, அதில் காட்மியமும் ஈயமும் இருந்தது சோதனையில் தெரிந்தது. அன்றைக்கு அதை விரும்பி வாங்கிப் போட்டவர்களில் என் பெரியப்பாவும் ஒருவர். யாரும் அவரை ஏமாளி என்று சொல்ல வேண்டாம். படித்தவர்கள் வந்து நல்லது என்றார்கள், நம்பினார். சித்தூர் பிளாக்கில் ஏற்கெனவே ஊறுவதில் பெரும்பகுதியை உறிஞ்சிவிடுகிறோம், இருக்கிற கொஞ்சத்தையும் கெடுத்துவிட்டால் எங்கே போவது? தோட்டத்துக்கார அண்ணா, பாட்டில் பாட்டிலாகத் தண்ணீர் எடுத்து இப்போதே டெஸ்ட் செய்து வையுங்கள். கெட்ட பிறகு "முன்னாலேயே இப்படித்தான் இருந்தது" என்பார்கள், நம்மிடம் காகிதம் இருக்காது. எங்களுக்கு அதுதான் நடந்தது.

லைனர்வேலை எழுதியது:

அக்கா சொன்னது மிகச் சரி. குளோரைடு கட்டாயம் பாருங்கள். அது களிமண்ணில் ஒட்டாது, தண்ணீரோடு தண்ணீராக ஓடி முதலில் வந்து சேரும். கூடவே அமோனியா, டிடிஎஸ் (கரைந்த உப்புகளின் அளவு), சிஓடி (கரிமக் கழிவின் அளவு). கோடையில் ஒருமுறை, இடவப்பாதி என்கிற தென்மேற்குப் பருவமழை முடிந்து ஒருமுறை, ஐப்பசி மழைக்குப் பிறகு ஒருமுறை.

அப்புறம் அண்ணா, நீங்கள் முதலில் எழுதியதில் ஒன்றை நான் கவனிக்காமல் விட்டுவிட்டேன். கோடையிலும் குழியில் தண்ணீர் வற்றாது என்றீர்கள். அது மழைத் தண்ணீர் தேங்கியதா, ஊற்றா? உங்கள் கிணற்று மட்டமும் குழி மட்டமும் என்ன வித்தியாசம்? அளந்து சொல்ல முடியுமா?

கிழக்குத்தோட்டம் எழுதியது:

தாமதத்துக்கு மன்னிக்கவும், மூன்று வாரம் அளந்துவிட்டு எழுதுகிறேன்.

நம் கொத்தனாரைக் கூப்பிட்டு, கண்ணாடி டியூபில் தண்ணீர் நிரப்பி, கிணற்று மேடையில் இருந்து பாறைக்குழி விளிம்பு வரை பதினாறு பதினாறு மீட்டராக முளைக்குச்சி அடித்து மட்டம் கொண்டுபோனோம். ஒரு முழு ஞாயிற்றுக்கிழமை ஆனது. இரண்டு முறை டியூபில் காற்றுக்குமிழி மாட்டி, திரும்பப் போய் முதலில் இருந்து பிடித்தோம். பிறகு கயிற்றில் அரை அடிக்கு ஒரு முடிச்சுப் போட்டுக் கல் கட்டி இறக்கி அளந்தோம். குழித் தண்ணீர் விளிம்பில் இருந்து 18 அடி கீழே. கிணற்றுத் தண்ணீர் அதைவிடப் பத்து அங்குலம்தான் தாழ்வு. அடுத்த மூன்று வாரம் மழை இல்லை. குழி எட்டு அங்குலம் இறங்கியது, கிணறு ஒன்பது.

மழைக்காலத்தில் குழித் தண்ணீர் விளிம்புக்குப் பத்து அடி வரை ஏறும். பாறையில் கறை விழுந்த கோடு இருக்கிறது, யார் வேண்டுமானாலும் பார்க்கலாம்.

லைனர்வேலை எழுதியது:

அண்ணா, இதற்கு மேல் நீங்கள் என்னிடம் எதுவும் கேட்க வேண்டியதில்லை, ஆனாலும் எழுதுகிறேன், கிராமசபையில் அப்படியே வாசியுங்கள்.

மட்டம் சேர்ந்து இறங்குவதால் மட்டும் குழியும் கிணறும் ஒரே வெடிப்பில் இருக்கிறது என்று சத்தியம் செய்ய முடியாது. அதற்குச் சாயமோ உப்போ விட்டுப் பார்க்க வேண்டும். ஆனால் குழி உயரம், கிணறு தாழ்வு, தண்ணீர் உங்கள் பக்கம்தான் வரப் பார்க்கும் என்று தாராளமாகச் சொல்லலாம்.

அந்த 2016 விதிக்கு வருவோம். குடிநீர்க் கிணற்றில் இருந்து 200 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும் என்கிறது. நீங்கள் 250 மீட்டர், அதைக் காட்டி அவர்கள் தப்பித்துவிடுவார்கள். அதைப் பிடித்துக்கொண்டு வாதாட வேண்டாம். அதே விதியில் இன்னொன்று இருக்கிறது: நிலத்தடி நீர் எவ்வளவு உயரம் ஏறுமோ, அந்த மட்டத்தில் இருந்து குறைந்தது 2 மீட்டர் மேலேதான் களிமண் அடுக்கின் அடிப்பாகம் இருக்க வேண்டும். உங்கள் குழியில் தண்ணீர் பத்து அடி வரை ஏறுகிறது. இரண்டு மீட்டர் என்பது ஆறரை அடி. ஆக, களிமண் தொடங்க வேண்டிய இடம் விளிம்பில் இருந்து மூன்றரை அடிக்குக் கீழே போகக் கூடாது. களிமண் மூன்று அடி கனம். மேலே ஷீட். நாற்பது அடிக் குழியில் குப்பைக்கு மிஞ்சுவது அரை அடி.

மீறி அடியிலேயே ஷீட் போட்டால் மழைக்காலத்தில் கீழிருந்து ஊற்றுத் தண்ணீர் ஷீட்டைத் தூக்கும். செங்குத்துப் பாறைச் சுவரில் களிமண்ணை இறுக்கவே முடியாது, ரோலர் எங்கே ஏறும்? வெடி வைத்து எடுத்த சுவர் முழுக்கக் கத்தி முனை மாதிரிக் கல் நீட்டிக்கொண்டிருக்கும். குழி என்பதால் குப்பைத் தண்ணீர் தானாக வடியாது, இராப்பகல் மோட்டார் ஓட வேண்டும். ஒரு ஹெக்டேரில் 50 மி.மீ. மழை விழுந்தால் ஐந்து லட்சம் லிட்டர். மூடிய பிறகும் 15 வருஷம் பராமரிக்க வேண்டும் என்கிறது அந்த விதி. அந்த மோட்டாருக்குக் கரண்ட் பில் யார் பெயரில் வரும்?

கள்ளியம்பாறை எழுதியது:

படித்தேன். அரை அடிக் கணக்கை நானே மூன்று தடவை போட்டுப் பார்த்தேன், சரியாகத்தான் வருகிறது. கை தூக்கும் முன் இதை யாராவது சொல்லியிருக்க வேண்டும். ஆனால் கொட்டகையில் இருக்கிற குப்பை அப்படியேதான் இருக்கிறது, அதற்கும் ஒரு பதில் வேண்டும்.

லைனர்வேலை எழுதியது:

வேண்டும்தான், தட்டிக்கழிக்க மாட்டேன். மேட்டு நிலமாக, தண்ணீர் மட்டம் ஆழத்தில் இருக்கிற இடமாகப் பார்த்து, தரைக்கு மேலேயே கட்டலாம். சின்ன அறையாக, ஒரு வருஷத்துக்கு ஆகிற அளவு மட்டும், நிறைந்ததும் உடனே மூடி அடுத்தது. அடியில் இரண்டு சதவீதம் சரிவு, மேலே ஜல்லியும் ஓட்டைக் குழாயும், குப்பைத் தண்ணீர் ஒரு அடிக்கு மேல் நிற்காமல் தானே வெளியே வந்து தொட்டியில் விழ வேண்டும். அடித்தளம் எவ்வளவு நன்றாக இருந்தாலும் அதன்மேல் தண்ணீரை நிற்க விட்டால் கசியும். சமையல் கழிவு உள்ளே வராமல் உங்கள் மாமியார் மாதிரி ஆட்கள் பிரித்துக் கொடுத்தால் குப்பைத் தண்ணீரின் வீரியமும் நன்றாகக் குறையும். அந்த 50 ரூபாயை முகம் சுளிக்காமல் கொடுக்கச் சொல்லுங்கள், அந்த அம்மா செய்வதுதான் முதல் தடுப்பு.

கிழக்குத்தோட்டம் எழுதியது:

நேற்று காலை நானும் கள்ளியம்பாறை நண்பரும் சேர்ந்து ஐந்து இடத்தில் தண்ணீர் எடுத்தோம். என் கிணறு, போர், மேற்கே இரண்டு கிணறு, குழி. ஒவ்வொரு பாட்டிலையும் அதே தண்ணீரில் மூன்று முறை அலசி, வாய் விளிம்பு வரை நிரப்பி, தேதியும் நேரமும் எழுதி ஒட்டி, ஐஸ் பெட்டியில் வைத்துப் பாலக்காட்டுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தாயிற்று. முடிவு வந்ததும் இங்கே போடுகிறேன்.

அடுத்த கிராமசபையில் வாசிப்பதற்கு மலையாளத்திலும் எழுதி வாங்கியிருக்கிறோம், கள்ளியம்பாறை நண்பரின் மனைவிதான் எழுதிக் கொடுத்தார். முடிச்சுப் போட்ட கயிற்றையும் எடுத்துப் போகிறேன். ஞாயிறுதோறும் மட்டம் பார்த்து நோட்டில் எழுதுவது இப்போது என் மகள் வேலை. இந்த வாரம் குழி 18 அடி 11 அங்குலம் என்று எழுதியிருக்கிறாள்.